நோவு குறைந்தால் எலும்பு தப்புமா? சரவாங்கி வைத்தியங்களை எடைபோட்டுப் பார்த்தபோது

அம்மாவின் கை எக்ஸ்ரே இரண்டு எங்கள் வீட்டில் இருக்கின்றன. ஒன்று 2019 மாசியில் எடுத்தது, மற்றது 2022 ஆடியில். திருகோணமலைக்குப் பக்கத்தில், எங்கள் உப்புவெளியில் காலை வெயில் நேரே ஜன்னலில் அடிக்கும். இரண்டையும் அதில் ஒட்டிவைத்துப் பார்த்தேன். முதல் படத்தில் ஆட்காட்டி விரல் உள்ளங்கையோடு சேரும் இடத்தில் எலும்பின் ஓரம் பென்சிலால் இழுத்த கோடு மாதிரி ஒழுங்காக இருக்கிறது. இரண்டாவதில் அதே ஓரத்தில், குழந்தை விசுக்கோத்தைக் கடித்து வைத்தமாதிரி ஒரு பள்ளம். நடுவிரலில் இன்னொன்று.

இத்தனைக்கும் அந்த மூன்றரை வருடத்தில் அம்மா நோவென்று பெரிதாகச் சொன்னதே இல்லை. “பரவாயில்லை பிள்ளை, குளிசை போட்டா இடியப்பம் பிழியலாம்” என்பார். அந்தக் குளிசை எதுவென்று நாங்கள் யாரும் கேட்கவில்லை. சரவாங்கியை அடக்கக் கிளினிக்கில் கொடுத்த மெதோட்ரெக்சேட் என்ற மருந்து ‘ஈரலுக்குக் கூடாது’ என்று யாரோ சொன்னதால் அலுமாரிக்குள் கிடந்தது. அம்மா போட்டுக்கொண்டிருந்தது பாமசியில் வாங்கிய டைக்லோஃபெனாக் என்ற நோவுக் குளிசை.

நம் ஆட்கள் வைத்தியத்தை நோவை வைத்துத்தான் எடைபோடுகிறோம். அடுத்த நாள் கை விரிந்தால் நல்ல மருந்து, இல்லையென்றால் சரியில்லை. சரவாங்கி என்கிற முடக்குவாத மூட்டு நோயில் அந்தத் தராசு பிழையாகக் காட்டும். நோவு ஒரு கணக்கு, எலும்பு வேறொரு கணக்கு. இந்த அலசலில் நான் பார்ப்பது எலும்புக் கணக்கை.

முதலில் எலும்பு எப்படிப் போகிறது என்று தெரிய வேண்டும். மூட்டைச் சுற்றியுள்ள மெல்லிய சவ்வு வீங்கித் தடித்து, மூட்டுக்குள் படர்கிறது. எலும்பு முனையில் குருத்தெலும்பு மூடாத ஒரு சின்ன விளிம்பு உண்டு. சவ்வு கைவைப்பது முதலில் அங்கேதான். அந்தச் சவ்விலிருந்து வரும் டிஎன்எஃப், ஐஎல்-6 போன்ற இரசாயனங்களும் ராங்க் லிகண்ட் என்கிற புரதமும், எலும்பைக் கரைக்கும் கலங்களை உசுப்பிவிடுகின்றன. அந்தக் கலங்கள் எல்லோர் உடம்பிலும் இருப்பவைதான். பழைய எலும்பைக் கரைப்பது அவற்றின் வேலை, புது எலும்பு கட்டுவது வேறு கலங்களின் வேலை. சரவாங்கியில் கரைப்பு நடக்கிறது, கட்டுவது நடப்பதில்லை. ஒருமுறை விழுந்த பள்ளம் திரும்ப நிரம்புவது மிக அரிது. நோய் தொடங்கிய முதல் இரண்டு வருடங்களுக்குள்ளேயே பலருக்குப் பள்ளம் விழுந்துவிடுகிறது.

சரி, இனி ஒவ்வொன்றாக.

வெந்நீரும் எண்ணெயும் நோவுக் குளிசையும்

திருகோணமலையில் மூட்டு நோவென்றால் ஒருவராவது “கன்னியாவுக்குப் போய் வாங்கோ” என்பார். அங்கே இருப்பது வெந்நீர் ஊற்று. ஏழு கிணறு, ஏழு விதச் சூடு, வாளியால் அள்ளி ஊற்றிக்கொண்டால் விடியற்காலை விறைப்பு இளகும் என்பது உண்மைதான். நானே அம்மாவைக் கூட்டிக்கொண்டு போயிருக்கிறேன், திரும்பி வரும்போது முறுக்குப் பையை அம்மாவே தூக்கிக்கொண்டு வந்தார். ஆனால் அந்தச் சூடு தோலையும் தசையையும் தாண்டி, சவ்வின் சண்டையை நிறுத்தாது. எலும்புக் கணக்கில் வரவு பூச்சியம். எண்ணெய் தடவலுக்கும் இதே தீர்ப்புத்தான். இரண்டாலும் கெடுதல் இல்லை, மற்ற மருந்தை நிறுத்தாதவரை.

டைக்லோஃபெனாக், இபுபுரோஃபென் வகையறாவும் எலும்புக் கணக்கில் பூச்சியமே. கூடவே வயிற்றுப் புண், சிறுநீரகத்துக்குச் சுமை, இரத்த அழுத்தம் ஏறுதல் என்று செலவும் உண்டு. இவற்றின் பெரிய ஆபத்து வேறு: நோவை மறைத்து, எல்லாம் சரி என்று நம்பவைத்துவிடும். எங்கள் வீட்டில் நடந்தது அதுதான்.

சித்த வைத்தியத்தைப் பற்றியும் கேட்பார்கள். கிழக்குப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்தில் அது பட்டப்படிப்பாகவே கற்பிக்கப்படுகிறது, படித்த சித்த வைத்தியர்களுக்கு இங்கே பஞ்சமில்லை. அவர்களிடம் போவதில் எனக்குச் சண்டை இல்லை. எடுக்கிற மருந்தை இரண்டு பக்க வைத்தியருக்கும் சொன்னால் போதும். என் பயமெல்லாம் பெயரும் விலாசமும் இல்லாத பொட்டலத் தூளில். “இரண்டே நாளில் கேட்கும்” என்று விற்கப்படும் அப்படிப்பட்ட தூள்களில் ஸ்டீரொயிட் கலந்திருந்தது பல நாடுகளில் பிடிபட்டிருக்கிறது.

பிரெட்னிசொலோன்: ஒரு கையால் கொடுத்து மறு கையால் எடுப்பது

நோவுத் தராசில் இந்த ஸ்டீரொயிட் குளிசைக்கு நிகர் எதுவுமில்லை. 1948இல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் ஃபிலிப் ஹெஞ்ச் முதல்முறையாக ஒரு சரவாங்கி நோயாளிக்கு இதே வகை ஸ்டீரொயிட்டான கோர்ட்டிசோனைக் கொடுத்தார். படுக்கையில் கிடந்தவர் சில நாட்களில் எழுந்து நடந்தார். 1950இல் அந்த வேலைக்கு நோபல் பரிசும் வந்தது. பிறகுதான் முகம் வீங்குவதும், சீனி ஏறுவதும், எலும்பு மெலிவதும் தெரியவந்தன.

இங்கேதான் கணக்கு சிக்கலாகிறது. தொடக்க காலத்தில் மற்ற மருந்தோடு சேர்த்துக் குறைந்த அளவில் கொடுத்தால், பிரெட்னிசொலோன் ஓரப் பள்ளங்கள் விழுவதை மட்டுப்படுத்துகிறது. ஆனால் நாளடைவில் அதே மருந்து முதுகெலும்பையும் இடுப்பெலும்பையும் உள்ளே பொள்ளலாக்குகிறது. சரவாங்கியில் எலும்புச் சேதம் என்பது இரண்டு வகை என்பதைப் பலர் கவனிப்பதில்லை: மூட்டு ஓரத்தில் விழும் பள்ளம், உடம்பு முழுவதும் எலும்பு மெலிதல். நோயே இரண்டையும் செய்யும். ஸ்டீரொயிட் முதலாவதைத் தணித்து இரண்டாவதைக் கூட்டும்.

எங்கள் தெருவில் ஒரு மாமி, டொக்டர் எழுதிய பழைய மருந்துத் துண்டைக் காட்டிக் காட்டியே அந்தச் சின்ன வெள்ளைக் குளிசையை வருடக்கணக்காக வாங்கிப் போட்டார். கை அழகாக இருந்தது. ஒருநாள் தண்ணீர்க் குடத்தைத் தூக்கும்போது முதுகில் ‘டக்’ என்றதாம். முள்ளந்தண்டு எலும்பு ஒன்று நசிந்திருந்தது.

மூன்று மாதத்துக்கு மேல் தினமும் 5 மில்லிகிராமோ கூடவோ போடுகிறவர்கள் எலும்பு முறிவைப் பற்றி டொக்டரிடம் கேட்டே ஆக வேண்டும். கல்சியம், விட்டமின் டி, தேவைப்பட்டால் கிழமைக்கு ஒரு அலென்ட்ரோனேட். அலென்ட்ரோனேட் போடுகிற நாளில் வெறுவயிற்றில் தண்ணீரோடு மட்டும் விழுங்கி, அரைமணி நேரம் சாயாமல் இருக்க வேண்டும். விடிந்ததும் தேத்தண்ணி கேட்கிற நம் வீடுகளில் அந்த அரைமணி பெரிய தவம். அது எலும்பு மெலிவதற்குத்தான், ஓரப் பள்ளத்துக்கு அதை நம்பக்கூடாது. ஸ்டீரொயிட்டைப் பயந்து திடீரென்று நிறுத்துவதும் ஆபத்து, படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும்.

என் தீர்ப்பு: மெதோட்ரெக்சேட் வேலை செய்யத் தொடங்கும்வரை சில கிழமைகளுக்கு நல்ல பாலம். பாலத்திலேயே குடியிருக்கக் கூடாது.

மெதோட்ரெக்சேட், மும்மருந்து, விலை கூடிய ஊசி

எலும்புக் கணக்கில் முதல் ஆள் மெதோட்ரெக்சேட்டே. அமெரிக்காவில் 1988இல் இந்த நோய்க்கு அனுமதி கிடைத்த பழைய, மலிவான மருந்து. குறை என்னவென்றால் பொறுமை கேட்கும், ஆறு முதல் பன்னிரண்டு கிழமை வரை பெரிய மாற்றம் தெரியாமல் போகலாம். அதற்குள் “இது கேட்கவில்லை” என்று கைவிடுகிறவர்கள்தான் அதிகம். ஈரல் பயம் முழுப் பொய்யில்லை. அதற்காகத்தான் இடைக்கிடை இரத்தம் எடுத்து ஈரலையும் சிறுநீரகத்தையும் இரத்தக் கலங்களையும் பார்க்கிறார்கள். குடிப்பழக்கம் உள்ளவர்களும் பிள்ளை பெற நினைப்பவர்களும் முன்கூட்டியே சொல்ல வேண்டும்.

இன்னொன்று, உயிர் சம்பந்தப்பட்டது. இது கிழமைக்கு ஒருநாள் மட்டும் போடுகிற மருந்து. தினமும் போட்டு இறந்தவர்கள் உலகமெங்கும் உண்டு. எங்கள் வீட்டுக் கலண்டரில் ஞாயிற்றுக்கிழமைகளில் சிவப்புப் புள்ளி வைத்திருக்கிறேன், அதன் பக்கவிளைவைக் குறைக்கக் கொடுக்கும் போலிக் அசிட் விட்டமினுக்கு வேறு நாளில் பச்சைப் புள்ளி.

மெதோட்ரெக்சேட் தனியாகப் போதாவிட்டால் இரண்டு வழி. சல்பாசலசீனையும் ஹைட்ரொக்சிகுளோரோகுயினையும் சேர்த்து மும்மருந்தாக்குவது ஒன்று. எட்டனெர்செப்ட், அடலிமுமாப் போன்ற உயிரியல் ஊசி மற்றது. ஊசி டிஎன்எஃப்பை நேராகப் பிடித்துக் கட்டுவதால் எலும்பைக் காப்பதில் கெட்டி. வீக்கம் முழுதாகக் குறையாதவர்களிலும்கூடப் பள்ளம் கூடாமல் நின்றதை ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. ஆனால் உறங்கிக் கிடக்கும் காசநோயை அது எழுப்பிவிடலாம், ஆகவே முதலில் நெஞ்சுப் படமும் தோல் சோதனையும் வேண்டும். விலையைச் சொல்லத் தேவையில்லை.

கடன் வாங்கியாவது ஊசி போட வேண்டுமா என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது 2013இல் வெளிவந்த ஒரு ஆய்வை. மெதோட்ரெக்சேட் போதாத 353 பேரில் பாதிப்பேருக்கு மும்மருந்து, மறுபாதிக்கு மெதோட்ரெக்சேட்டோடு எட்டனெர்செப்ட். முதலில் பிடிக்காதவர்களுக்கு 24 கிழமையில் மற்றதுக்கு மாற இடம் கொடுத்தார்கள். 48 கிழமை முடிவில் மும்மருந்தில் தொடங்கியவர்கள் பின்தங்கவில்லை, எக்ஸ்ரேயிலும் சொல்லும்படி வித்தியாசம் இல்லை. வீட்டை அடகுவைக்க முன் மும்மருந்தை ஒழுங்காகப் போட்டுப் பாருங்கள் என்பேன். அதிலும் நிற்காமல் படத்தில் பள்ளம் கூடினால் ஊசிதான், அப்போது தயங்கக்கூடாது. மும்மருந்துக்கும் செலவு உண்டு, குளிசைகள் கைநிறைய. சல்பாசலசீனில் சிறுநீர் செம்மஞ்சளாகும், முதல்நாள் அம்மா அலறியே விட்டார். ஹைட்ரொக்சிகுளோரோகுயினுக்குக் கண் சோதனை.

டெனோசுமாப் என்றொரு ஊசியும் உண்டு. ராங்க் லிகண்டை மட்டும் பிடித்து எலும்பைக் காக்கும், ஆனால் வீக்கத்தையும் நோவையும் குருத்தெலும்பையும் தொடாது. எலும்பும் நோவும் வேறு வேறு கணக்கு என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி இல்லை.

மருந்தைவிடப் பெரிய வித்தியாசம் செய்வது கிளினிக் நாள் என்று நான் நினைக்கிறேன். 2004இல் கிளாஸ்கோவிலிருந்து வந்த ஆய்வில் இரு தரப்புக்கும் கிடைத்தவை பழைய மருந்துகள்தான். ஒரு தரப்பை மாதாமாதம் வீங்கிய மூட்டுகளை எண்ணிப் பார்த்து மருந்தைக் கூட்டினார்கள், மற்றத் தரப்பை வழக்கம்போல மூன்று மாதத்துக்கொருமுறை. 18 மாதத்தில் முதல் தரப்பில் 65 வீதம் பேருக்கு நோய் அடங்கியது, மற்றதில் 16 வீதம். எலும்புப் பள்ளமும் முதல் தரப்பில் குறைவு. மூதூரிலிருந்தோ வெருகலிலிருந்தோ பஸ் மாறி வருகிறவருக்கு ஒரு கிளினிக் நாள் என்பது ஒருநாள் கூலி. தெரிந்துதான் சொல்கிறேன், தவறவிடுகிற அந்த நாளின் விலை அதைவிடக் கூட.

படம் எடுப்பதில் எதை நம்புவது? அல்ட்ராசவுண்டும் எம்ஆர்ஐயும் பள்ளத்தை முன்கூட்டியே காட்டும். இருந்தாலும் வருடங்களை ஒப்பிட மலிவான எக்ஸ்ரே போதும், பழைய படத்தைத் தொலைக்காமல் கொண்டுபோனால். கையோடு பாதத்தையும் எடுக்கச் சொல்லுங்கள், சிலருக்குப் பள்ளம் முதலில் சின்னக் கால்விரலின் அடியில்தான் விழும்.

அம்மா இப்போது மும்மருந்தில் இருக்கிறார். 2024இல் எடுத்த மூன்றாவது படத்தில் பழைய பள்ளங்கள் அப்படியே, புதிதாக ஒன்றுமில்லை. இடியப்பம் பிழிவது நான்தான். அடுத்த படத்தில் பாதமும் உண்டு என்றேன். காலில் போட்ட மருதோண்டி படத்தில் விழுமா என்பதுதான் அம்மாவின் ஒரே கவலை.