கண்குழிக்குக் கீழுள்ள கால்வாய் படிக்க எந்த மண்டையோடு?

பிளாஸ்ரிக் மண்டையோடு வாங்குவதா, சீனியர்மாரிடம் அசல் எலும்பு கேட்பதா என்று மட்டக்களப்பில் மருத்துவம் படிக்க வரும் தம்பி தங்கச்சிமார் கேட்பதுண்டு. நான் அசலைத்தான் எடுத்தேன். எலும்புகளின் பெயர், பொருத்துகள், பல் வரிசை படிக்கப் பிளாஸ்ரிக்கே தாராளம். விழுந்தாலும் கவலையில்லை. கண்குழித் தளத்துக்குள் நரம்பு ஓடும் இன்ஃப்ராஓர்பிட்டல் கால்வாய்க்கு வந்தால்தான் பிளாஸ்ரிக்கின் குட்டு வெளிப்படும்.

மலிவான பிளாஸ்ரிக்கில், கண்குழி விளிம்புக்கு ஒரு சென்ரிமீற்றருக்குள் கீழே ஒரு குழி மட்டும் இருக்கும். கம்பியை விட்டால் முட்டி நிற்கும். கண்குழித் தளத்தில் ஒரு கீறல் போட்டிருப்பார்கள், குழிக்கும் அதற்கும் தொடர்பே இராது. அசலில் தங்கூசித் துண்டொன்றை விட்டுப் பாருங்கள். துவாரம் கீழ்நோக்கி, மூக்குப் பக்கமாகத் திறப்பதால் நேரே தள்ளினால் போகாது. பின்னால் தள்ளும்போதே மேல்நோக்கியும் வெளிப்பக்கமாகவும் சரிக்க வேண்டும். சரித்ததும் வழுக்கிக்கொண்டு போய், கண்குழித் தளத்தில் கூரையில்லாத தவாளிப்பில் தலைகாட்டும். அந்தத் தவாளிப்புப் பின்னால் கீழ்க் கண்குழிப் பிளவில் முடிகிறது. கன்னத்துக்கும் மேலுதட்டுக்கும் உணர்வு தரும் மேல்தாடை நரம்பு உள்ளே வருவது அந்த வழியாகத்தான், கூடவே நாடியும் நாளமும்.

தளத்தை வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் அதன் மெல்லிசு தெரியும். கீழே சைனஸ் என்ற எலும்புக் குழி, உள்ளே வெறும் காற்று. கண்ணில் கிரிக்கெட் பந்து பட்டுத் தளம் உடைந்தவருக்குக் கன்னமும் மேலுதடும் விறைப்பது ஏன் என்று அப்புறம் மனப்பாடம் செய்யத் தேவையில்லை. முன்பற்களுக்குப் போகும் கிளையும் கால்வாய்க்குள்ளேயே பிரிவதால் சிலருக்குப் பல்லும் முரசும் சேர்ந்தே விறைக்கும்.

பராமரிப்பில் அசல் தொல்லைதான். மாரியில் பூஞ்சணம் பிடிக்கும், கண்குழிக்குள் விரல் விட்டுத் தூக்கினால் உள்சுவர் நொறுங்கும். உடைந்தால் வேறு கிடைப்பதும் கஷ்டம்: இந்தியா 1985இல் மனித எலும்பு ஏற்றுமதியைத் தடை செய்ததிலிருந்து புதியவை அருமை. ஒரு மனிதரின் தலை என்பதால் அறையில் கண்டபடி போட்டு வைக்கவும் முடியாது.

ஸ்கானிலிருந்து முப்பரிமாணத்தில் அச்செடுத்தவையும் வருகின்றன. ஒன்றைக் கொஞ்ச நேரம்தான் கையில் வைத்திருந்தேன். அதில் கால்வாய் திறந்துதான் இருந்தது, எல்லாமே அப்படியா என்று அதை வைத்துச் சொல்ல மாட்டேன்.

அசல் கிடைக்காமல் பிளாஸ்ரிக்தான் வாங்குவதென்றால், காசு கொடுக்க முன் கடையிலேயே தங்கூசியை விட்டுப் பாருங்கள். இரண்டு பக்கமும்.