சாவியை விட்டால் அணையும் இன்ஜின்: பழைய ஹோண்டா சிட்டியின் இக்னிஷன் சுவிட்ச்

சாவியை முழுக்கத் திருப்பினால் செல்ஃப் அடிக்கிறது, இன்ஜினும் பிடிக்கிறது. கையைத் தளர்த்தியதும் அணைந்துவிடுகிறது. நாலைந்து முறை முயன்றால் ஏதோ ஒரு தடவை நின்று ஓடும். இந்தியாவில் 1998 முதல் 2003 வரை வந்த, இங்கே முதல் தலைமுறையான ஹோண்டா சிட்டியை இன்னும் ஓட்டிக்கொண்டிருப்பவர்களில் பலருக்கு இந்தக் குறி பழக்கம். பெட்ரோல் பம்ப், டிஸ்ட்ரிபியூட்டர், மெயின் ரிலே (பம்புக்கு மின்சாரம் தரும் ரிலே) என்று ஒவ்வொன்றாக மாற்றிப் பணம் கரைந்த பிறகு, பிரச்சினை சாவித் துவாரத்துக்குப் பின்னால் திருகியிருக்கும் ஒரு சின்னப் பிளாஸ்டிக் துண்டில் இருந்தது என்று தெரியவரும்.

இக்னிஷன் சுவிட்ச் என்று நாம் சொல்வது இரண்டு பொருள்கள். முன்னால் இருப்பது சாவி நுழையும் பூட்டு. ஸ்டியரிங்கைப் பூட்டுவதும் அதுதான். பின்னால் இரண்டு ஸ்க்ரூவில் நிற்பது மின்சாரப் பகுதி. பூட்டின் நுனியில் உள்ள தட்டையான நாக்கு இதன் பள்ளத்தில் உட்கார்ந்து, உள்ளே இருக்கும் செம்புக் கான்டாக்டுகளைச் சுழற்றுகிறது. தேய்வது இந்தப் பின்பகுதி. பூட்டு நன்றாக இருந்தால் அதைத் தொடவே வேண்டாம். "முழு செட்டா மாத்திடலாம் சார்" என்று சொல்லும் இடத்தில் கொஞ்சம் யோசியுங்கள். விலை பல மடங்கு கூடும். அதற்கும் மேல், கதவுக்கு ஒரு சாவி, ஸ்டார்ட் செய்ய ஒரு சாவி என்று காலம் முழுக்க இரண்டைத் தூக்கிக்கொண்டு திரிய வேண்டும்.

இது நம்மூர் வெயிலால் மட்டும் வருவதில்லை. 2002-இல் அமெரிக்காவில் ஹோண்டா, 1990-களின் பிற்பகுதியில் வந்த சிவிக், அக்கார்டு உள்ளிட்ட பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கார்களை இதற்காகவே திரும்ப அழைத்தது. ஸ்டார்ட் செய்யும்போது பாயும் அதிக கரன்ட் கான்டாக்டுகளைத் தின்றுவிடுகிறது, அதனால் ஓடும்போதே இன்ஜின் அணையலாம் என்பதுதான் காரணம். 2014-இல் ஜெனரல் மோட்டார்ஸ் அழைத்த சுவிட்ச் விவகாரத்தை இதோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ள வேண்டாம். அங்கே கான்டாக்ட் தேயவில்லை. சாவியை அந்தந்த நிலையில் பிடித்து வைக்கும் ஸ்பிரிங்குக்கு வலு போதாமல், சாவி தானாகத் திரும்பிக்கொண்டது.

தேய்மானம் நடக்கும் விதம் எளிது. கரன்ட் ஓடிக்கொண்டிருக்கும்போது கான்டாக்ட் பிரிந்தால் நடுவில் பொறி பறக்கும். ஒவ்வொரு பொறியும் செம்பில் ஒரு குழி தோண்டி, பக்கத்தில் கரியைப் பூசுகிறது. உள்ளே வைத்த கிரீஸும் காலப்போக்கில் கருகிப் பிசினாகும். இதனால் தொடும் இடத்தில் 0.1 ஓம் தடை ஏறிவிட்டது என்று வையுங்கள். 15 ஆம்பியர் ஓடினால் 1.5 வோல்ட் அங்கேயே காணாமல் போகும். கூடவே 22 வாட் சூடு. சிறிய சால்டரிங் அயர்ன் 25 வாட்தான்! அந்தச் சூட்டில் கான்டாக்டை அழுத்திப் பிடிக்கும் ஸ்பிரிங் விறைப்பை இழக்கிறது, பிளாஸ்டிக் இளகுகிறது, அழுத்தம் இன்னும் குறைகிறது, தடை இன்னும் ஏறுகிறது. அதனால்தான் வருடக்கணக்கில் எப்போதாவது எட்டிப்பார்த்த கோளாறு, கடைசியில் சில வாரங்களுக்குள் முற்றிவிடுகிறது.

முதலில் சொன்ன அந்தக் குறிக்கு விளக்கமும் இங்கேதான் இருக்கிறது. சுவிட்ச் நான்கு நிலை கொண்டது. 0-இல் எதுவும் இணையாது. 1-இல் பேட்டரி லைன் ஏசிசி-யோடு, அதாவது ரேடியோ வகையறாவோடு, சேரும். 2-இல் ஏசிசி, ஐஜி1, ஐஜி2 மூன்றும் உயிர் பெறும். 3-இல் ஐஜி1 மட்டும் தொடர, செல்ஃபுக்கான எஸ்டி சேர்ந்துகொள்ளும். மற்ற இரண்டும் துண்டிக்கப்படும். இன்ஜினுக்கு வேண்டியது ஐஜி1. கான்டாக்ட் 3-இல் உட்காரும் இடம் புதிதுபோல் இருக்கும், ஒரு நாளில் சில நொடிதானே அங்கே நிற்கிறது. 2-இல் உட்காரும் இடம்தான் மணிக்கணக்கில் வேலை செய்து கருகுகிறது. ஆகவே திருப்பும்போது உயிர், விட்டால் மரணம். ஒரே ஒரு எச்சரிக்கை: பிளாட்டினம் பாயின்ட் காலத்துக் கார்களில் காயிலோடு பேலஸ்ட் ரெசிஸ்டர் (காயிலுக்குப் போகும் கரன்ட்டைக் குறைக்கும் தடை) இருந்தால், அது அறுந்தாலும் அச்சு அசலாக இதே குறிதான் தெரியும்.

மெயின் ரிலேயா, சுவிட்சா?

அக்காலத்து ஹோண்டாவில் இந்தக் கேள்விதான் ஆளைக் குழப்பும். மெயின் ரிலேயின் உள்ளே ஈயப் பற்றவைப்பு வட்டமாக விரிசல் விடுவது இந்தக் கார்களின் பிரசித்தி பெற்ற நோய். வெயிலில் நிறுத்திய கார் மதியம் ஸ்டார்ட் ஆகாது, சாயங்காலம் ஆகும். சுவிட்சும் சூட்டில்தான் அதிகம் படுத்தும். பிரித்தறிய டாஷ்போர்டைப் பார்த்தாலே பாதி வேலை முடிந்தது.

இன்ஜின் அணைந்த அந்த நொடியில், சாவி இன்னும் 2-இல் இருக்கும்போது, ஆயில் விளக்கும் பேட்டரி விளக்கும் பளிச்சென்று எரிந்தால் ஐஜி1 லைன் வந்துகொண்டிருக்கிறது என்று பொருள். ரிலே, டிஸ்ட்ரிபியூட்டருக்குள் இருக்கும் இக்னைட்டர் பக்கம் தேடுங்கள். சாவியை 2-க்குக் கொண்டுபோனதும் பின்சீட்டு அடியிலிருந்து இரண்டு நொடி பம்ப் சத்தம் வரவில்லை, விளக்குகள் மட்டும் சரியாக எரிகின்றன என்றால் ரிலே மீது சந்தேகம் வலுக்கிறது. மாறாக, மீட்டர் முழுக்க இருண்டுபோனாலோ, விளக்குகள் மங்கித் துடித்தாலோ, கோளாறு சுவிட்சில் அல்லது சுவிட்சுக்கு வரும் பாதையில். வண்டியை நிறுத்தி நியூட்ரலில் ஓடவிட்டு, சாவியை லேசாக மேலும் கீழும் அசைத்துப் பாருங்கள். டேகோமீட்டர் (இன்ஜின் சுழற்சி வேகம் காட்டும் மீட்டர்) முள் குதித்தால் அதுவே சாட்சி.

ஆனால் சாட்சியை மட்டும் வைத்துப் பார்ட் வாங்காதீர்கள். அளந்து பாருங்கள். பலர் இங்கே செய்யும் தவறு, மல்டிமீட்டரை ஓம்ஸில் வைத்து "0.2 காட்டுது, சுவிட்ச் நல்லாத்தான் இருக்கு" என்று மூடிவிடுவது. அந்த 0.2 ஓம் மல்டிமீட்டரின் சொந்த ஒயர்களின் தடையாகவே இருக்கலாம். மீட்டர் அனுப்பும் மில்லி ஆம்பியர் கரன்ட்டில் 0.05 ஓம் எதுவும் தெரியாது. சுமை ஓடும்போது வோல்டேஜ் இழப்பை அளப்பதுதான் வழி.

பேட்டரி ஓய்வில் 12.5-க்கு மேல் இருக்கட்டும், டெர்மினலில் பச்சை, வெள்ளைப் பூப்பு இருந்தால் முதலில் சுத்தம் செய்யுங்கள். மீட்டர் டிசி 20 வோல்ட்டில். சிவப்பு முனை சுவிட்சுக்கு வரும் பேட்டரி ஒயரில், கறுப்பு முனை ஐஜி1 ஒயரில். ஒயரைக் குத்தாமல் கப்ளரின் (ஒயர்களை இணைக்கும் பிளாஸ்டிக் சொருகி) பின்பக்கமாக மெல்லிய குண்டூசியை நுழைத்துத் தொட வேண்டும். இரண்டு ஊசிகளும் ஒன்றையொன்றோ பாடியையோ தொடாதபடி பார்த்துக்கொள்ளுங்கள். ஐஜி1 பெரும்பாலும் கறுப்பு-மஞ்சள், எஸ்டி கறுப்பு-வெள்ளை. இருந்தாலும் நிறத்தைவிட மீட்டரை நம்புவது நல்லது. இருபது வருடத்தில் யார் யார் கை வைத்தார்களோ.

சாவி 0-இல் இருக்கும்போது மீட்டர் ஏறக்குறைய பேட்டரி வோல்டேஜைக் காட்டும், பயப்பட வேண்டாம். இன்ஜினை ஓடவிட்டால் எண் சரிந்து பூஜ்யத்துக்குப் பக்கத்தில் வர வேண்டும். 0.1-க்குக் கீழே இருந்தால் சுவிட்ச் நலம். 0.3-ஐத் தாண்டினால் மாற்றுங்கள். நடுவில் இருந்தால் சாவியை அசைத்துப் பாருங்கள்: எண் நிலையாக நின்றால் கொஞ்ச காலம் ஓட்டலாம், துள்ளினால் மாற்றுங்கள், சராசரி எவ்வளவு என்பது முக்கியமில்லை. அதேபோல் கறுப்பு முனையை எஸ்டி-க்கு மாற்றி, செல்ஃப் அடிக்கும்போது ஓர் அளவு. அங்கே 0.5 வரை பொறுக்கலாம். கடைசியாக, பேட்டரியின் பாசிட்டிவுக்கும் சுவிட்சின் பேட்டரி ஒயருக்கும் நடுவில் ஒரு முறை. இழப்பு அங்கே அதிகமாக இருந்தால் சுவிட்ச் நிரபராதி. பானெட்டுக்குள் இருக்கும் மெயின் ஃபியூஸ் தளர்ந்திருக்கும், அல்லது ஃபியூஸ் பெட்டியின் கப்ளர் கருகியிருக்கும்.

மாற்றும் வேலை

அவசரமில்லாமல் செய்தால் ஒரு மணி நேரம். வேண்டியவை 10 எம்எம் ஸ்பேனர், ஒரு நல்ல ஸ்டார் ஸ்க்ரூ டிரைவர், கூடவே ஒரு குட்டை டிரைவர், டார்ச். பேட்டரி நெகட்டிவைக் கழற்றுங்கள். ஏர்பேக் உள்ள காராக இருந்தால் அதன்பிறகு மூன்று நிமிடமாவது காத்திருக்க வேண்டும். ஸ்டியரிங்கைச் சுற்றி உள்ள மஞ்சள் ஒயர்களைத் தொடவே கூடாது.

முழங்காலுக்கு எதிரே உள்ள கீழ் பேனல், அடுத்து ஸ்டியரிங் தண்டின் மேல், கீழ் கவர்கள். சுவிட்சிலிருந்து வரும் ஒயர் கட்டு ஃபியூஸ் பெட்டி வரை போய்க் கப்ளர்களில் முடியும். அது எந்தப் பக்கமாகச் சுற்றிப் போகிறது, எங்கே கிளிப்பில் நிற்கிறது என்று கழற்றும் முன் செல்போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டியரிங் திரும்பும்போது உரசும் பாதையில் புது ஒயரைப் போட்டுவிட்டால் அடுத்த கோளாறுக்கு நீங்களே பிள்ளையார் சுழி போட்டதாகும்.

சாவியை நுழைத்து 0-இல் வையுங்கள். இப்போது பின்னால் இரண்டு சின்ன ஸ்க்ரூக்கள். வேலையின் கஷ்டமெல்லாம் இதில்தான். ஒன்று கண்ணுக்குத் தெரியும், மற்றது கைக்கு மட்டும் தெரியும். மென்மையான ஸ்க்ரூ என்பதால், தேய்ந்த டிரைவரைப் போட்டுத் திருகினால் தலை வழுக்கிவிடும். டிரைவரை நேராக அழுத்திக்கொண்டு கால் சுற்று மட்டும் தளர்த்துங்கள், மிச்சத்தை விரலால் முடிக்கலாம். டிரைவர் முனை காந்தமாக இருந்தால் ஸ்க்ரூ டாஷ்போர்டு அடியில் விழுந்து தொலையாது. ஸ்டியரிங் பூட்டைத் தண்டோடு பிடித்திருக்கும் தலையில்லாத போல்டுகளைப் பார்த்துக் குழம்ப வேண்டாம். திருடன் கழற்றக் கூடாது என்று வேண்டுமென்றே தலையை உடைத்துப் பொருத்தியவை அவை. இந்த வேலைக்குத் தேவையே இல்லை.

புதியதை வைக்கும்போது அதன் பள்ளமும் 0 நிலையில் இருக்க வேண்டும். நாக்கு உட்கார்ந்தால் சுவிட்ச் தானாகப் படிந்து நிற்கும். இடைவெளி தெரிந்தால் ஸ்க்ரூவை முறுக்கி இழுத்து உட்கார வைக்காதீர்கள், பள்ளத்தின் ஓரம் உடையும். கப்ளரைச் சொருகும் முன் எதிர்ப்பக்க டெர்மினலைப் பாருங்கள். பிளாஸ்டிக் பழுப்பேறி, டெர்மினல் வாய் விரிந்திருந்தால் அதையும் மாற்றியாக வேண்டும். கருகிய கப்ளரில் புது சுவிட்சைச் சொருகியவர்கள்தான் "ஒரே வருஷத்துல மறுபடியும் போச்சு" என்று சொல்பவர்கள்.

கவரை மூடும் முன் நான்கு நிலையையும் சோதியுங்கள். 3-இலிருந்து சாவி தானாக 2-க்குத் திரும்புகிறதா, செல்ஃப் அடிக்கும்போது ரேடியோ அணைகிறதா. அதன்பின் அதே வோல்டேஜ் அளவை மறுபடி எடுத்து, தேதியோடு ஒரு டேப்பில் எழுதிக் கீழ்க் கவரின் உட்பக்கம் ஒட்டிவிடுங்கள்.

எது எத்தனை நாள் தாங்கும்

பிரித்துச் சுத்தம் செய்வது: கையில் வேறு பார்ட் இல்லாதபோது மட்டும். ஓரக் கொக்கிகளை நெம்பினால் திறந்துகொள்ளும். ஒரு துணியை விரித்து அதன் மேல் செய்யுங்கள், உள்ளே இருக்கும் ஸ்பிரிங்குகளும் குண்டும் தெறித்து ஓடும். ஐசோபுரோபைல் ஆல்கஹாலில் கரியைத் துடைத்து, 1000 நம்பர் நீர்த்தாளால் லேசாகத் தேய்க்கலாம். கரடுமுரடான எமரி வேண்டாம். அது போடும் கீறலே அடுத்த பொறிக்கு மேடு. என்ன செய்தாலும் தேய்ந்த செம்பு திரும்ப வளராது, விறைப்பிழந்த ஸ்பிரிங் திரும்ப விறைக்காது. மாதங்களில் பேசலாம், வருடங்களில் பேச முடியாது. சாவித் துவாரத்தில் ஸ்பிரே அடிப்பது சுத்தம் செய்வதில் சேராது. அது கரியைக் கரைத்து வேறு இடத்தில் சேர்க்கும், அவ்வளவுதான்.

டூப்ளிகேட்டில் பார்க்க வேண்டியது ஒயரின் தடிமனும் டெர்மினலும். டெர்மினலில் காந்தம் ஒட்டினால் முலாம் பூசிய இரும்பு, வைத்துவிட்டு வாருங்கள். புதுப்பேட்டையிலோ உக்கடத்திலோ கழற்றிய பார்ட் வாங்குவதானால் அங்கேயே சோதிக்கலாம்: ஒரு பேட்டரி, ஒரு எச்4 ஹெட்லைட் பல்பு. 60, 55 வாட் இழை இரண்டையும் சேர்த்து எரித்தால் ஒன்பது ஆம்பியருக்கு மேல் ஓடும். அந்தச் சுமையில் பேட்டரி முனைக்கும் ஐஜி1-க்கும் நடுவே 0.1 வோல்டுக்கு மேல் காட்டினால் அதுவும் தேய்ந்ததுதான். அதே வயது காரிலிருந்து வந்தது வேறெப்படி இருக்கும்? ஒரிஜினல் கிடைத்தால் பேரம் பேசாமல் வாங்கிவிடுவது என் கட்சி.

எதை மாற்றினாலும் சுமையைக் குறைக்காவிட்டால் பாதிப் பலன்தான். ஆக்சஸரி கடைகளில் ஆம்ப்ளிஃபயர், ஃபாக் லைட், கேமரா எல்லாவற்றுக்கும் சாவி ஒயரைச் சுரண்டி, முறுக்கி, டேப் சுற்றி லைன் எடுத்துவிடுகிறார்கள். அவற்றை அவிழ்த்து, பேட்டரியிலிருந்து தனி ஃபியூஸோடு ரிலே வழியாகக் கொடுங்கள்.

எஸ்டி ஒயர் ரிலே இல்லாமல் நேராக செல்ஃப் சோலினாய்டுக்கு (செல்ஃப் மோட்டாரை இணைக்கும் காந்தச் சுருள்) போகும் காராக இருந்தால், அங்கேயும் ஒரு நான்கு கால் ரிலே போடுவது பெரிய நிம்மதி. சோலினாய்டு இழுக்கும் கரன்ட் பல ஆம்பியர். ரிலே காயில் இழுப்பதோ 0.2 ஆம்பியரைச் சுற்றி. ரிலேயின் கால்களில் எண் போட்டிருக்கும்: 86-இல் சாவியின் எஸ்டி ஒயர், 85 எர்த், 30-இல் பேட்டரியிலிருந்து 30 ஆம்பியர் ஃபியூஸ் வழியாக 4 சதுர மில்லிமீட்டர் ஒயர், 87-இலிருந்து சோலினாய்டுக்கு. காயிலுக்குக் குறுக்கே ஒரு 1என்4007 டயோடு, வெள்ளைக் கோடு 86 பக்கம் இருக்கட்டும். திருப்பிப் போட்டால் முதல் ஸ்டார்ட்டிலேயே டயோடு வெடிக்கும். ரிலேயை இன்ஜின் சூடும் மழைத் தண்ணீரும் படாத இடத்தில், கால்கள் கீழ்நோக்கி இருக்குமாறு பொருத்துங்கள்.

ஓடும்போது அணைந்துவிட்டால் சாவியை உருவக் கூடாது, ஸ்டியரிங் பூட்டிக்கொள்ளும். நியூட்ரல், ஹசார்டு விளக்கு, ஓரம். பிரேக் பூஸ்டரில் ஓரிரு மிதிக்குத்தான் வேக்குவம் (வெற்றிடம்) மிச்சம் இருக்கும். விட்டு விட்டு மிதிக்காமல் ஒரே அழுத்தாக அழுத்தி நிறுத்துங்கள்.