கோலியாத் வண்டும் டார்க்குவாட்டா வண்டும்

ஆப்பிரிக்காவின் கொம்புள்ள மலர் வண்டுகளுள், சுவீடன் இயற்கையியலாளர் லின்னேயஸ் 1771ஆம் ஆண்டில் பெயரிட்ட கோலியாத்தஸ் கோலியாட்டஸும், வெண்பட்டைகள் ஓடும் பச்சை நிற மெசினோரைனா டார்க்குவாட்டாவும் பூச்சி வளர்ப்போரால் பெரிதும் விரும்பப்படுபவை. அளவில் போட்டியே இல்லை: கோலியாத் ஆண் வண்டு ஏறத்தாழ 11 சென்டிமீட்டர் வரை வளர, டார்க்குவாட்டா ஆண் 8 சென்டிமீட்டரை எட்டினாலே பெரிது. முன்னதன் கொம்பு கவட்டைபோல் நுனியில் இரண்டாகப் பிரிந்திருக்கும். பின்னதன் கொம்பு முக்கோண வடிவில் முன்னோக்கி நீண்டிருக்கும். இரண்டிலும் பெண்ணுக்குக் கொம்பில்லை. மண்ணைத் தோண்டி முட்டையிட மண்வெட்டி போன்ற தலையே உண்டு.

உண்மையான வேறுபாடு புழுப்பருவத்தில்தான் இருக்கிறது. டார்க்குவாட்டாவின் புழு மக்கிய இலையையும் உளுத்த மரத்தையும் தின்று, பெரும்பாலும் தான் வளரும் அதே பெட்டியின் அடியில் மண்கூடு கட்டிக்கொள்ளும். கோலியாத் புழுவுக்கு அது போதாது; புரதம் மிகுதியாக வேண்டும் என்பதால், வளர்ப்போர் நாய், பூனைகளுக்கான உலர்தீனி உருண்டைகளை மண்ணில் புதைத்து வைக்கின்றனர். மிஞ்சிய தீனியில் பூஞ்சை படரும். அதை நாள்தோறும் பொறுக்கி எடுக்க வேண்டும். சில மாதங்களில் 100 கிராமை நெருங்கக்கூடிய அப்புழு, முதிர்ந்ததும் அலைந்து திரியத் தொடங்கும். அப்போது அதை இறுக்கமான மணற்பாங்கு மண்ணுக்கு மாற்றாவிட்டால் கூடு கட்டுவது அரிது.

முதன்முறையாக வளர்ப்பவர் டார்க்குவாட்டாவையே தேர்ந்தெடுக்கலாம் என்பது என் கருத்து. 2009ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழக ஆய்வாளர்கள், மின்முனைகளைப் பொருத்தி ரேடியோ வழியாகப் பறக்கவும் பறப்பதை நிறுத்தவும் செய்ததும் இவ்வண்டைத்தான்.