அவுட்டர் வைல்ட்ஸ் விளையாட்டின் மிக ஆபத்தான இடம்: டார்க் பிராம்பிள்

மோபியஸ் டிஜிட்டல் உருவாக்கி, அன்னபூர்ணா இன்டராக்டிவ் 2019ஆம் ஆண்டு மே மாதம் வெளியிட்ட அவுட்டர் வைல்ட்ஸ் விளையாட்டின் கற்பனைச் சூரியக் குடும்பத்தில், கோள்களின் வரிசையில் கடைசியாக நிற்பது டார்க் பிராம்பிள். ஒரு காலத்தில் பனிக்கோளாக இருந்த அதனுள் வளர்ந்த ஒரு விதை கோளையே உள்ளிருந்து பிளந்துவிட்டது. உடைந்த பனிப்பாறைகளை இப்போது முட்கொடிகள் பற்றிக்கொண்டு மிதக்கின்றன. அதன் நடுவில் வெளிறிய ஒளியுடன் ஒரு திறப்பு தெரிகிறது. அதற்குள் விண்கலத்தைச் செலுத்தும் கணத்தில், வெளியிலிருந்து பார்த்த உருவத்தைவிடப் பன்மடங்கு விரிந்த ஒரு மூடுபனி வெளிக்குள் நாம் வந்து விழுகிறோம். விளையாட்டுகளில் நான் கண்ட அச்சமூட்டும் இடங்களில் இதற்கு நிகரானதைச் சொல்லத் தெரியவில்லை. இந்த மதிப்புரை விளையாட்டு முழுவதையும் பற்றியது என்றாலும், அதன் பெருமையும் குறையும் இந்த ஓரிடத்திலேயே திரண்டிருப்பதால் இதையே முன்வைத்து எழுதுகிறேன்.

மூடுபனிக்குள் வெண்ணிறமாக ஒளிர்பவை அந்தக் கொடியின் விதைகள். ஒவ்வொரு விதையும் மற்றொரு வெளிக்கு வாயில். அந்த வெளி விதையைவிடப் பெரியது, அதனுள்ளும் விதைகள் உண்டு, அவற்றில் ஒன்றுக்குள் நுழைந்தால் ஏற்கெனவே கண்ட வெளிக்கே திரும்பிவிடவும் கூடும். மறைந்துபோன விண்வெளி வீரர் ஃபெல்ட்ஸ்பார் வாசிக்கும் மவுத் ஆர்கனின் ஒலியை சிக்னல்ஸ்கோப் கருவியால் பின்தொடரலாம். ஆனால் இங்கே ஒரே சமிக்ஞை ஒன்றுக்கு மேற்பட்ட விதைகளிலிருந்து வரக்கூடும் என்பதால், காதை நம்பிப் போவதற்கும் துணிவு வேண்டும். போதாததற்கு, இந்த மூடுபனியில் வாழும் பேருருவ ஆங்லர் மீன்களின் நெற்றியில் தொங்கும் விளக்கும் விதையைப் போலவே ஒளிர்கிறது. எது வாயில், எது வாய் என்று தூரத்திலிருந்து பிரித்தறிய முடியாத அந்தச் சில நொடிகளை வடிவமைத்தவர்களை மனமாரப் பாராட்டுகிறேன்.

இந்த விளையாட்டில் ஆயுதமே இல்லை. திறன் புள்ளிகளோ, வலிமை கூட்டும் கவசமோ இல்லை. 22 நிமிடங்களில் சூரியன் வெடித்து அனைத்தும் அழிய, நாம் மறுபடியும் நம் சொந்தக் கோளான டிம்பர் ஹார்த்தில் நெருப்பின் அருகே கண் விழிக்கிறோம். எஞ்சுவது நாம் அறிந்துகொண்டதும் விண்கலத்தின் குறிப்பேட்டில் பதிவானதும் மட்டுமே. டார்க் பிராம்பிளைப் பாதுகாப்பாகக் கடக்கும் வழியும் இவ்வாறு அறிந்துகொள்ள வேண்டிய ஒன்றுதான். அதற்கான துப்பு எம்பர் ட்வின் கோளின் குகைகளில், நோமாய் என்னும் அழிந்துபோன வேற்றுலக இனத்துக் குழந்தைகள் தங்களுக்குள் வகுத்துக்கொண்ட ஒரு விளையாட்டின் விதிகளாக எழுதப்பட்டிருக்கிறது. அந்த விதிகள் என்னவென்று இங்கே சொல்வது வாசகருக்குச் செய்யும் அநியாயமாகும். உயிரைக் காக்கும் செய்தியை எச்சரிக்கைப் பலகையில் எழுதாமல், அழிந்துபோன குழந்தைகளின் மகிழ்ச்சியில் பொதிந்து வைத்ததைப் போன்ற நயத்தை நான் வேறு விளையாட்டுகளில் அரிதாகவே கண்டிருக்கிறேன்.

நோமாய்களின் கதையும் இந்த முட்காட்டில்தான் சிக்கியிருக்கிறது. அவர்களுடைய பெருங்கலம் இங்கே மாட்டிக்கொண்டபோது உயிர்தப்ப உதவும் மூன்று சிறு கலங்கள் வெளியேறின. இரண்டு வேறு கோள்களை அடைய, மூன்றாவது டார்க் பிராம்பிளுக்குள்ளேயே நின்றுவிட்டது. அதில் இருந்தவர்கள் தாய்க்கலத்தின் சமிக்ஞையைத் தேடிச் சென்ற பாதையை நாமும் பின்தொடர்ந்து, அவர்கள் எங்கே, ஏன் நின்றுபோனார்கள் என்பதைக் காணும் இடம், கொடியின் விதிகளை நன்கு புரிந்துகொண்டவருக்கே முழுமையாக வலிக்கும். வெளியைத் திரிக்கும் அந்த விதி அதுவரை ஒரு புதிராக மட்டுமே இருந்தது. அங்கே அது ஒரு கூட்டத்தின் முடிவாகவும் ஆகிவிடுகிறது.

குறைகளையும் சொல்லியாக வேண்டும். விண்கலம் உண்மையான உந்த விதிகளின்படி நகர்வதால் தொடக்கத்தில் அதைக் கட்டுப்படுத்துவது கடினம். தானியங்கி ஓட்டி வழியில் சூரியன் குறுக்கே இருந்தால்கூட விலகிச் செல்லாது. டார்க் பிராம்பிளுக்குள் ஒரு தவறு நேர்ந்தால் டிம்பர் ஹார்த்திலிருந்து மறுபடியும் அத்தனை தூரமும் பறந்து வர வேண்டியிருப்பது, அச்சத்தை நாளடைவில் சலிப்பாக மாற்றிவிடுகிறது. இந்த ஓரிடத்திலாவது வடிவமைப்பாளர்கள் சற்று இளகியிருக்கலாம் என்று எண்ணுகிறேன். கதை பெரும்பாலும் எழுத்தின் வழியாகவே சொல்லப்படுவதும், தமிழில் வசன வரிகள் இல்லாததும், ஆங்கிலத்தை நிதானமாக வாசிப்பவர்களுக்குக் கால வரம்பை இன்னும் நெருக்கடியாக்கும்.

அலெக்ஸ் பீச்சம் பல்கலைக்கழக மாணவராக இருந்தபோது முதுகலை ஆய்வுத் திட்டமாகத் தொடங்கிய முயற்சி இது. 2020ஆம் ஆண்டு பிரிட்டனின் பாஃப்டா விளையாட்டு விருதுகளில் சிறந்த விளையாட்டாகத் தேர்ந்தெடுக்கப்பட்டது. 2021இல் வெளிவந்த எக்கோஸ் ஆஃப் தி ஐ என்னும் விரிவாக்கத்தை முதன்மைக் கதையில் நன்கு தோய்ந்த பிறகு வாங்கினால் போதும். கணினி, எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன், நின்டெண்டோ ஸ்விட்ச் ஆகியவற்றில் இவ்விளையாட்டு கிடைக்கிறது.

எதில் விளையாடினாலும் ஹெட்போன் அணிந்துகொள்ளுங்கள். முட்காட்டினுள் ஒலியே பாதி வழிகாட்டி. இணையத்தில் விடை தேடாதீர்கள். டார்க் பிராம்பிளின் திறப்பைத் தொலைவிலிருந்து ஒருமுறை பார்த்துவிட்டு, எம்பர் ட்வின் குகைகளைத் துருவி முடித்த பின்னரே உள்ளே செல்லுங்கள். நுழைவதற்கு முன் ஸ்கவுட் என்னும் சிறிய ஆய்வுக்கருவியை விதைக்குள் ஏவி, அது அனுப்பும் படத்தைப் பார்த்த பிறகு கலத்தை நகர்த்துங்கள்.