பச்சைக் குழந்தைக்கான ஸ்டோமா பை: 10 வாரம் ஒட்டிப் பார்த்த அப்பா எழுதுவது

எட்டாம் மாத ஸ்கேனிலேயே எங்கள் மகளின் வயிற்றுக்குள் வெள்ளைப் புள்ளிகள் தெரிந்தன. குடலில் அடைப்பு இருந்து, கருவிலேயே அது ஓட்டையாகி, காட்டுப்பீ (பிறந்த குழந்தை முதலில் கழிக்கும் கரும்பச்சை மலம்) வயிற்றுக்குள் கசிந்திருக்கிறது. அது பட்டுப் புண்ணான இடங்களில் படிந்த சுண்ணாம்புதான் அந்தப் புள்ளிகள் என்றார் மருத்துவர். சில குழந்தைகளுக்கு ஓட்டை தானாகவே மூடிக்கொள்ளுமாம். எங்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. பிறந்த மறுநாளே அறுவை சிகிச்சை. கெட்டுப்போன சிறுகுடல் பகுதியை நீக்கிவிட்டு, முனையை வயிற்றின் வெளியே எடுத்து வைத்தார்கள். அந்த முனைதான் ஸ்டோமா. அதில் வரும் மலத்தைப் பிடிக்க அதன்மேல் ஒட்டும் பை இது.

ஒட்டும் தகடும் பையும் ஒரே துண்டு. தகடு நன்றாக வளைகிறது. குழந்தை காலை மடக்கினாலும் ஓரம் பிரியவில்லை. துளையை நாம்தான் வெட்டிக்கொள்ள வேண்டும். குடல்முனையைச் சுற்றி 2 மில்லிமீட்டர் இடைவெளி போதும். கூடினால் செரிமான நீர் பட்டுத் தோல் வெந்துவிடும். நான் திருப்பூரில் தையல்காரன், காஜா வெட்டிப் பழகிய கை. அப்படியும் முதல் 3 பை வீண். வீக்கம் வற்ற வற்ற முனை சுருங்குவதால் முதல் வார அளவு மூன்றாம் வாரம் பொருந்தாது. அட்டையில் பேட்டர்ன் வெட்டித் தேதி போட்டு வைத்தேன்.

ஒட்டுமுன் தகட்டை உள்ளங்கையில் வைத்துச் சூடாக்குங்கள். பால் கொடுப்பதற்கு முன்பு மாற்றுங்கள், கசிவு குறைவாக இருக்கும். எண்ணெய் கூடவே கூடாது. என் அம்மா தேங்காய் எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டிய அன்று பை அரை மணி நேரம்கூட நிற்கவில்லை; பேத்தியைவிட அம்மாதான் அதிகம் அழுதார்.

குறைகள்: அடிமுனைக் கிளிப் தொடையில் குத்துகிறது. மெல்லிய காடாத் துணியில் உறை தைத்துப் போட்டோம். அளவுக்கோடும் இல்லை. இது சின்ன விஷயமல்ல. பால் நன்றாகக் குடித்தும் மகளுக்கு எடை ஏறவில்லை. பையில் போகும் நீரோடு உடம்பின் உப்பும் போய்விடுகிறது என்று சிறுநீரில் சோடியம் பார்த்த பிறகுதான் தெரிந்தது. உப்புக் கரைசல் கொடுத்ததும் எடை ஏறியது. எவ்வளவு போகிறது என்று மருத்துவர் கேட்கும்போதெல்லாம் ஊசிக்குழாயில் உறிஞ்சி அளந்துகொண்டிருந்தேன்.

5க்கு 4 கொடுக்கிறேன். குடலை உள்ளே இணைத்தபோது மிச்சமிருந்த பைகளை அடுத்த கட்டில் குழந்தையின் அம்மாவிடம் கொடுத்துவிட்டேன். கூடவே முனை வளைந்த சின்னக் கத்தரியையும். அது பெட்டியில் வராது, தனியாக வாங்க வேண்டும்.