அஞ்சலக ஆர்.டி.: அறுபது மாதம் கட்டி முடித்தபின் ஒரு மதிப்புரை

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் ஒரு வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் கணக்கு எழுதுவது என் வேலை. சனிக்கிழமை மாலை, அந்த வாரம் முடித்த கொலுசின் எடையைப் பார்த்துக் கூலி போட்டு, ஏற்கெனவே வாங்கிய முன்பணத்தைக் கழித்து, மீதியை எண்ணிக் கொடுப்பேன். பணம் வாங்கியவர்களில் பாதிப்பேர் நேராக வீட்டுக்குப் போவதில்லை. தெருமுனையில் வண்டியை நிறுத்திக் காத்திருக்கும் வாரக்கடன்காரரிடம் நின்றுவிட்டுத்தான் போகிறார்கள். ஐந்து ஆண்டுகளுக்கு முன்பு எங்கள் வீட்டு நிலையும் அதுதான். லாரிக்குக் கூண்டு கட்டும் பட்டறையில் இருந்த என் கணவருக்கு 2020-இல் சில மாதங்கள் வேலையே இல்லை. அந்தச் சமயத்தில் தெருவுக்கு வரும் சிறுசேமிப்பு முகவர் அக்கா சொல்லித்தான் அஞ்சலகத் தொடர் வைப்பில், அதாவது எல்லோரும் சொல்லும் ஆர்.டி.யில், மாதம் 1,000 ரூபாய்க்குச் சேர்ந்தேன்.

சேர்ந்தது 2020 ஆகஸ்ட் 18. அப்போது வட்டி 5.8 சதவீதம், சேர்ந்த அன்று என்ன வட்டியோ அதுவே அறுபது மாதத்துக்கும். 2025 ஆகஸ்டில் கணக்கு முதிர்ந்தபோது, கட்டிய 60,000 ரூபாய்க்கு 69,697 ரூபாய் கிடைத்தது. 2023 அக்டோபர் முதல் வட்டி 6.7 சதவீதம் என்பதால், அதன்பின் சேர்ந்தவர்களுக்கு இதே தொகைக்கு 71,300 ரூபாய்க்குச் சற்று மேல் வரும். வட்டியை மட்டும் பார்ப்பவர்களுக்கு இது பெரிய தொகையாகத் தெரியாது. நான் இதை வட்டிக்காகப் பரிந்துரைக்கவில்லை.

பரிந்துரைப்பதற்கான காரணத்தை 2022 ஜூன், ஜூலை மாதங்கள் எனக்குக் காட்டின. கணவருக்குக் கை எலும்பு முறிந்து இரண்டு மாதம் வருமானம் நின்றது. ஆர்.டி.யும் கட்டவில்லை, இருசக்கர வாகனக் கடனுக்கான தவணையும் வங்கிக் கணக்கில் பணமின்றித் திரும்பியது. ஆகஸ்டில் இரண்டையும் நேர்செய்தேன். ஆர்.டி.யில் நூறு ரூபாய்க்கு மாதம் ஒரு ரூபாய் என்ற கணக்கில், ஜூன் தவணைக்கு இருபதும் ஜூலை தவணைக்குப் பத்துமாக 30 ரூபாய் அபராதம். வாகனக் கடன் கொடுத்த நிறுவனத்தில் திரும்பிய ஒவ்வொரு தவணைக்கும் 590 ரூபாய். பணத்தைவிட, காலை ஏழு மணிக்கே வந்த அழைப்புகள்தான் எங்களை உருக்குலைத்தன. போன் அடித்தாலே என் மாமியார் எழுந்து வாசலைப் பார்க்கத் தொடங்கிவிட்டார். கடன் வசூலிப்பவர்கள் காலை 8 மணிக்கு முன்பும் மாலை 7 மணிக்குப் பின்பும் அழைக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி அந்த ஆகஸ்டில்தான் சுற்றறிக்கை விட்டது. அது முன்பே வந்திருந்தால் அவர்களிடம் இன்னும் தைரியமாகப் பேசியிருப்பேன்.

இதே கணக்குதான் 2023 ஜூனில் பள்ளிக் கட்டணத்துக்கும் கைகொடுத்தது. பன்னிரண்டு தவணை கட்டி முடித்தபின், இருப்பில் பாதிவரை கடனாக எடுக்கலாம், ஆர்.டி. வட்டியோடு இரண்டு சதவீதம் கூட்டி வசூலிப்பார்கள். நான் எடுத்த 15,000 ரூபாய்க்கு 7.8 சதவீதம், அதாவது மாதம் நூறு ரூபாய்க்கும் குறைவு. அதே தொகையை எங்கள் பக்கத்தில் வழக்கமாகச் சொல்லும் ‘அஞ்சு வட்டி’க்குக் கைமாற்றாக வாங்கியிருந்தால் மாதம் 750 ரூபாய் வட்டிக்கே போயிருக்கும். கடனுக்காக யார் வீட்டு வாசலிலும் நிற்க வேண்டியிருக்கவில்லை என்பதை இதற்குமேல் ஒரு நன்மையாகவே எழுதுகிறேன்.

ஆனால் எல்லோருக்கும் இது ஒரே மாதிரி பொருந்தாது. கொலுசுத் தொழிலாளிக்கு வாரக் கூலி வருகிறது. வெள்ளி விலை ஏறி ஆர்டர் குறையும் வாரங்களில் பாதிக் கூலிதான். அவர்கள் மாதத் தவணையை மாதக் கடைசியில் தேடாமல், வாரம் தோறும் நான்கில் ஒரு பங்கைத் தனியே எடுத்து வைக்க வேண்டும். அம்மாப்பேட்டையில் இருக்கும் என் அத்தை வீட்டில் குழித்தறி. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் தறிக்குழிக்குள் ஈரம் ஏறிப் பாவு தளர்ந்துவிடும். தறி நின்றால் கூலியும் நிற்கும். ஏற்காட்டில் காபித் தோட்டத்தில் வேலை செய்யும் என் சித்தி மகளுக்கோ நேர்மாறான கணக்கு: பழம் பறிக்கும் மாதங்களில் கைநிறைய வேலை, அறுவடை முடிந்தபின் வேலைநாள் குறைவு. இப்படிப்பட்டவர்களுக்கு இத்திட்டத்தில் அதிகம் பேசப்படாத ஒரு வசதி இருக்கிறது. கையில் காசு இருக்கும்போது வரும் மாதங்களுக்கான தவணையை முன்கூட்டியே கட்டலாம். மாதத் தவணை நூறு ரூபாய் என்றால், ஆறு மாதத்துக்குச் சேர்த்துக் கட்டும்போது மொத்தத்தில் பத்து ரூபாயும், பன்னிரண்டு மாதத்துக்கு நாற்பது ரூபாயும் தள்ளுபடி. சித்தி மகள் ஜனவரியில் ஆறு மாதத் தவணையை ஒன்றாகக் கட்டிவிடுவதால், வேலை குறையும் மாதங்களில் அவளுக்கு அந்தக் கவலை இல்லை.

திட்டத்தின் குறை என்று நான் அழுத்திச் சொல்ல விரும்புவது இரண்டு விதிகளை. தொடர்ந்து தவறி நான்கு தவணைக்கு மேல் போனால் கணக்கு நின்றுவிடும். இரண்டு மாதத்துக்குள் உயிர்ப்பிக்காவிட்டால் அதில் மேற்கொண்டு கட்ட முடியாது. மூன்று ஆண்டுகள் முடிந்தபின்தான் இடையில் முடிக்கலாம். அப்படி முடித்தால், முதிர்வுக்கு ஒரு நாள் முந்தினாலும்கூட, சேமிப்புக் கணக்குக்கான 4 சதவீத வட்டிதான். நெருக்கடியில் இருப்பவர்களையே இந்த விதிகள் அதிகம் வருத்துகின்றன என்பது என் மனத்தாங்கல். பகுதித் தொகையை மட்டும் எடுக்கும் வழியும் இதில் இல்லை. ஆகவே 1,000 ரூபாய்க்கு ஒரே கணக்கைத் தொடங்காதீர்கள். ஒருவர் எத்தனை கணக்கு வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம், குறைந்தபட்சம் நூறு ரூபாய் போதும். இரண்டு மூன்றாகப் பிரித்துப் போட்டால், அவசரத்தில் ஒன்றை உடைத்தாலும் மற்றவை நிற்கும். தேதியையும் யோசித்துச் சேருங்கள்: 15-ஆம் தேதிக்குள் தொடங்கினால் ஒவ்வொரு மாதமும் 15-க்குள் கட்ட வேண்டும், 16-ஆம் தேதி முதல் தொடங்கினால் மாதத்தின் கடைசி வேலைநாள்வரை நேரம் இருக்கிறது. நான் 18-ஆம் தேதி சேர்ந்தது முகவர் அக்காவின் யோசனைதான்.

முகவர் சேவையைப் பற்றியும் சொல்ல வேண்டும். அவர் மாதம் ஒருமுறை வந்து பணம் வாங்கி, என்னிடம் இருக்கும் அட்டையில் தொகை எழுதிக் கையெழுத்திட்டுத் தருவார். அந்த அட்டையின் ஓரங்கள் மஞ்சள் கறையோடு நைந்துவிட்டன; சமையலறை அலமாரியில் மளிகைச் சீட்டோடு அது கிடந்ததே எனக்கு நினைவூட்டல். அவருக்கான 4 சதவீதக் கமிஷனை அரசு தருகிறது. நம்மிடம் தனியாக எதுவும் வாங்கக் கூடாது. அட்டையில் உள்ள கையெழுத்தோடு நிறுத்திக்கொள்ளாமல், சில மாதங்களுக்கு ஒருமுறை பாஸ்புக்கில் பதிவாகியிருக்கிறதா என்று அஞ்சலகத்திலேயே பார்த்துக்கொள்வது நல்லது.

மாதச் சம்பளக்காரர்களுக்கு இத்திட்டம் எளிது என்று நினைத்திருந்தேன். என் அண்ணன் மகனைப் பார்த்தபின் அப்படிச் சொல்ல மனம் வரவில்லை. நல்ல சம்பளம், ஆனால் கைபேசிச் செயலிகளில் மூன்று கடன், கிரெடிட் கார்டில் குறைந்தபட்சத் தொகையை மட்டும் கட்டி வளரவிட்ட பாக்கி. அவன் என்னிடம் ஆர்.டி. தொடங்கட்டுமா என்று கேட்டபோது வேண்டாம் என்றேன். உயர்ந்த வட்டிக் கடன் எதுவானாலும் கணக்கு ஒன்றுதான். அஞ்சு வட்டியையே எடுத்துக்கொண்டால் ஆண்டுக்கு அறுபது சதவீதம். அந்தப் பக்கம் அறுபதைக் கொடுத்துக்கொண்டு இந்தப் பக்கம் 6.7-ஐ வாங்குவது ஓட்டைக் குடத்தில் தண்ணீர் பிடிப்பதுதான். முதலில் உயர்ந்த வட்டிக் கடனைத் தீர்க்க வேண்டும். வீட்டில் நகை இருந்தால் கூட்டுறவுச் சங்கத்திலோ வங்கியிலோ அடகு வைத்து அதை அடைப்பது நல்லது. மிரட்டி வசூலிக்கும் கந்துவட்டிக்கு எதிராக 2003-ஆம் ஆண்டிலேயே தமிழ்நாட்டில் தனிச்சட்டம் வந்திருக்கிறது. காவல் நிலையத்தில் எழுத்தில் புகார் தரலாம். தூக்கம் கெட்டு, உயிரோடு இருந்து என்ன என்ற எண்ணம் வந்தால் கணக்கையெல்லாம் ஒதுக்கிவிட்டு 14416 என்ற இலவச மனநல உதவி எண்ணில் பேசுங்கள். எந்த நேரத்திலும் எடுப்பார்கள், தமிழிலேயே பேசலாம். அண்ணன் மகனும் பேசினான்.

ஓய்வு பெற்றவர்களுக்கு மொத்தமாக வந்த பணத்தைப் போட இது ஏற்ற இடமன்று. அறுபது வயதைக் கடந்தவர்களுக்கு அதே அஞ்சலகத்தில் மூத்த குடிமக்கள் சேமிப்புத் திட்டம் இருக்கிறது. 2023 ஏப்ரல் முதல் 8.2 சதவீதம், மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி கைக்கு வரும். அவர்களுடைய நெருக்கடி பெரும்பாலும் பிள்ளைகளின் கடனுக்குப் போட்ட ஜாமீன் கையெழுத்தில் தொடங்குகிறது என்பதை எங்கள் தெருவிலேயே இரண்டு வீடுகளில் பார்த்துவிட்டேன்.

முதிர்வுத் தொகை வந்ததும் வாகனக் கடனின் மிச்சத்தை அடைத்தேன். மறுவாரமே 500, 300, 200 என்று மூன்று புதிய கணக்குகள் தொடங்கினேன். மூன்றும் 16-ஆம் தேதிக்குப் பிறகுதான். இருநூறு ரூபாய்க் கணக்கு என் மகள் பெயரில். அவளுக்குப் பத்து வயது முடிந்துவிட்டதால், விண்ணப்பத்தில் அவளே கையெழுத்திட்டாள்.