கெடாத விசைக்கு 3,800 ரூபாய் கொடுத்தேன், நீங்கள் கொடுத்துவிடாதீர்கள்

மடிக்கணினியில் ஒரே ஒரு விசை, அதிலும் விண்டோஸ் விசை, திடீரென்று வேலை செய்யாமல் போனால், அதைத் தூக்கிக்கொண்டு பழுதுபார்க்கும் கடைக்கு ஓடுவதற்கு முன் இந்தப் பதிவைப் படித்துவிடுங்கள். வீட்டில் கணினி விளையாட்டு விளையாடும் பிள்ளைகள் இருந்தால் கட்டாயம் படியுங்கள். நாகர்கோவிலில் உள்ள ஒரு கடையில் எனக்கு நேர்ந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். புகார் கொடுத்திருப்பதால் கடையின் பெயரையோ இருக்கும் தெருவையோ இங்கே குறிப்பிடவில்லை.

நான் மணவாளக்குறிச்சிக்குப் பக்கத்தில் குடியிருக்கும் தமிழாசிரியன். வீட்டில் இருப்பது இரண்டரை ஆண்டுகளுக்கு முன் மகனுக்காக வாங்கிய, விளையாட்டுக்கென்றே வடிவமைத்த மடிக்கணினி. இரவில் அவன் நண்பர்களோடு சேர்ந்து, ஐந்து பேர் ஓர் அணியாக நின்று சுடும் விளையாட்டு ஒன்றை ஆடுவான். பகலில் அதே கணினியில் நான் வினாத்தாளும் பாடக்குறிப்பும் தட்டச்சு செய்வேன். விண்டோஸ் விசையையும் இடைவெளிப் பட்டையையும் சேர்த்து அழுத்தித்தான் ஆங்கிலத்திலிருந்து தமிழ்99 விசைப்பலகைக்கு மாறிப் பழகியிருந்தேன். (இடப்பக்கத்து ஆல்ட்டையும் ஷிப்டையும் சேர்த்து அழுத்தினாலும் மொழி மாறும் என்பது எனக்கு அப்போது தெரியாது. தெரிந்திருந்தால் இந்தப் பதிவே இல்லை.)

முதல் இடைப்பருவத் தேர்வுக்கு வினாத்தாள் தயாரிக்க வேண்டிய வாரத்தில் ஒரு காலையில் அந்த விசை வேலை செய்யவில்லை. மற்ற எல்லா விசைகளும் சரியாக இருந்தன. கணினியை அணைத்துப் போட்டுப் பார்த்தேன்; பயனில்லை. மகனைக் கேட்டால், "எனக்கு எல்லாம் நல்லாத்தான் இருக்கு, நீங்க என்ன செஞ்சியளோ" என்றான். அவன் பொய் சொல்லவில்லை. விளையாடும்போது அவனுக்கு அந்த விசை தேவையே இல்லை. செத்துக் கிடந்தாலும் அவனுக்குத் தெரிந்திருக்காது. இரண்டு நாள் சுட்டியைக் கொண்டு திரையின் மூலையில் மொழியை மாற்றி மாற்றித் தட்டச்சு செய்து பொறுமையிழந்து, மூன்றாம் நாள் பள்ளி விட்டதும் குளச்சல் வண்டியில் ஏறி நாகர்கோவில் போனேன்.

கடையில் இருந்த இளைஞர் மிகவும் மரியாதையாகப் பேசினார். விசையை நான்கைந்து முறை அழுத்திப் பார்த்தார். பிறகு வெளியிலிருந்து ஒரு விசைப்பலகையை யுஎஸ்பி வழியாகச் செருகி, அதில் உள்ள விண்டோஸ் விசையை அழுத்தினார்; திரையில் உடனே தொடக்கப் பட்டியல் விரிந்தது. "பாத்தியளா சார், சாஃப்ட்வேர்ல ஒரு கொழப்பமும் இல்ல. கீபோர்டுதான் போயிருக்கு" என்றார். வீடு எங்கே என்று கேட்டார். மணவாளக்குறிச்சி என்றதும் அவர் முகத்தில் ஒரு தெளிவு வந்தது. "அப்படிச் சொல்லுங்க. உப்புக்காத்து ஆக்கும். உள்ள லைன் அரிச்சிருக்கும். இப்ப ஒரு கீ, அடுத்த மாசம் பத்து கீ. மாத்துறதுதான் நல்லது."

கடற்கரையோரம் குடியிருப்பவர்களிடம் உப்புக்காற்றைச் சொன்னால் நம்பாமல் என்ன செய்வார்கள்? எங்கள் வீட்டு ஜன்னல் கம்பிகளுக்கு ஆண்டுக்கொரு முறை வண்ணம் பூசாவிட்டால் துரு உரிந்து விழும். மின்விசிறியின் திருகாணி கூடக் கறுத்துப்போகும். எனவே நான் மறுபேச்சுப் பேசவில்லை. விசைப்பலகைக்கு 3,000, வேலைக்கூலி 800, ஆக மொத்தம் 3,800 ரூபாய் என்றார். ஒரு துண்டுச் சீட்டில் "கீபோர்டு மாற்றம்" என்று எழுதித் தந்தார். கடவுச்சொல்லையும் கேட்டார், அதையும் அந்தச் சீட்டிலேயே எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன். கணினிக்குள் இரண்டு வகுப்புகளின் வினாத்தாள்கள் இருந்தன என்பதை இப்போது நினைத்தால் வயிற்றைக் கலக்குகிறது.

மறுநாள் மாலை போனபோது விசைப்பலகை பளபளவென்று இருந்தது. விண்டோஸ் விசை வேலை செய்தது. கைப்பேசி வழியாகப் பணம் செலுத்தினேன். ரசீது கேட்டதற்கு, பில் போட்டால் வரி சேர்ந்து கூடுதலாகும் என்றார், நானும் தலையாட்டிவிட்டேன்.

சரியாக ஐந்தாம் நாள் காலையில் அதே விசை மறுபடியும் செத்தது.

அன்று ஞாயிற்றுக்கிழமை. பொறியியல் படிக்கும் என் தங்கை மகன் வீட்டுக்கு வந்திருந்தான். நடந்ததைச் சொன்னதும் அவன் கணினியை மடியில் வைத்து, எஃப்என் (Fn) விசையை ஒரு விரலாலும் விண்டோஸ் விசையை இன்னொரு விரலாலும் சேர்த்து ஒரே ஒரு முறை அழுத்தினான். பிறகு விண்டோஸ் விசையை மட்டும் அழுத்தினான். தொடக்கப் பட்டியல் வந்து நின்றது. "மாமா, இது கெடவே இல்ல. பூட்டிக் கெடந்துது, அவ்வளவுதான்" என்றான். மீண்டும் இரண்டையும் அழுத்தினான், விசை செத்தது. மறுபடியும் அழுத்தினான், உயிர் வந்தது. என் மனைவி அடுக்களையிலிருந்து வந்து எட்டிப் பார்த்துவிட்டு, "இதுக்கா மூவாயிரத்து எண்ணூறு?" என்று கேட்டதற்கு என்னிடம் பதில் இல்லை.

விளையாட்டுக்கென்று வரும் மடிக்கணினிகளிலும் விசைப்பலகைகளிலும் இப்படி ஒரு பூட்டு இருப்பதற்குக் காரணம் உண்டு. சுடும் விளையாட்டுகளில் குனிந்து பதுங்குவதற்கு இடப்பக்கத்துக் கண்ட்ரோல் விசையைத்தான் பெரும்பாலும் பயன்படுத்துகிறார்கள். அதை ஒட்டினாற்போல் இருப்பது விண்டோஸ் விசை. பதற்றத்தில் சுண்டுவிரல் சற்று நகர்ந்து அதில் பட்டுவிட்டால் தொடக்கப் பட்டியல் விரிந்து விளையாட்டுத் திரை பின்னால் போய்விடும். திரும்பி வருவதற்குள் எதிரி சுட்டுவிடுவான். இதைத் தடுக்கத்தான் விண்டோஸ் விசையை மட்டும் தற்காலிகமாகச் செயலிழக்கச் செய்யும் வசதியை வைத்திருக்கிறார்கள். சில விசைப்பலகைகளில் அதற்குத் தனிப் பொத்தானும் விளக்கும் இருக்கும். சில கணினிகளில் நிறுவனத்தின் செயலிக்குள் போய்த்தான் மாற்ற வேண்டும். எங்களுடையதைப் போன்றவற்றில் எஃப்என் விசையோடு சேர்த்து அழுத்தினால் பூட்டும், மறுபடி அழுத்தினால் திறக்கும். எங்கள் கணினியில் கண்ட்ரோலுக்கும் விண்டோஸ் விசைக்கும் நடுவில்தான் எஃப்என் இருக்கிறது. விளையாட்டு வேகத்தில் மகனின் சுண்டுவிரல் இரண்டின் மேலும் ஒருசேரப் படிந்திருக்கிறது. பூட்டும்போது திரையில் ஓர் அறிவிப்பைக் காட்ட வேண்டிய நிறுவனச் செயலியை, நினைவகத்தை வீணாக்குகிறது என்று அவன் எப்போதோ நீக்கிவிட்டிருந்தான். ஆகவே எந்த அறிகுறியும் இல்லாமல் பூட்டிக்கொண்டது. கணினியை அணைத்துப் போட்டாலும் திறக்கவில்லை.

இந்தப் பூட்டு எங்கள் கணினியின் சொந்த விசைப்பலகையை மட்டுமே கட்டுப்படுத்துகிறது. வெளியிலிருந்து செருகும் விசைப்பலகைக்கு அதனோடு தொடர்பில்லை. கடைக்காரர் எனக்குச் செய்து காட்டிய சோதனை பார்ப்பதற்கு எவ்வளவு நியாயமாக இருந்ததோ அவ்வளவுக்கு ஏமாற்றானது; மென்பொருளில் கோளாறு இல்லை என்பதைத்தான் அது காட்டியதே தவிர, விசைப்பலகை கெட்டது என்பதை அல்ல. அதோடு, விசைப்பலகைக்குள் விசைகள் தனித்தனிக் கம்பியில் இல்லாமல் குறுக்கும் நெடுக்குமான வரிசைகளில் இணைக்கப்பட்டிருக்கின்றன. உள்ளே ஒரு வரிசை அரித்துப்போனால் பொதுவாக அந்த வரிசையில் உள்ள பல விசைகள் சேர்ந்து போகும். ஒரு விசை மட்டும் போவதற்கு அதன் அடியில் தூசியோ தேய்மானமோ காரணமாகலாம். அதற்கும் முதலில் அந்த ஒரு விசையைத்தான் கழற்றிப் பார்த்திருக்க வேண்டும்.

இதுவரைகூடக் கடைக்காரரின் அறியாமை என்று நினைத்து விட்டிருப்பேன். ஆனால் மருமகன் கணினியைச் சாய்த்துப் பிடித்தபோது இடைவெளிப் பட்டையின் வலது ஓரத்தில் மிளகளவுக்கு ஒரு சுட்ட வடு கண்ணில் பட்டது. சென்ற ஆண்டு மழைக்காலத்தில் கொசுவர்த்திச் சுருளின் கங்கு விழுந்து உருகிய இடம் அது. விழுந்த அன்று மகனைத் திட்டியவன் நானேதான். புதிய விசைப்பலகையில் பழைய வடு எப்படி வரும்? கணினியைத் திருப்பிப் போட்டோம். அடிப்பக்கத்தில் 11 திருகாணிகள். ஒவ்வொன்றின் தலையிலும், திருப்புளி நுழைய வேண்டிய பள்ளத்துக்குள்ளும், செம்மண் நிறத்தில் துருப்பொடி கலையாமல் படிந்திருந்தது. திருப்புளி ஒரு முறை நுழைந்திருந்தாலும் அந்தப் பொடி உதிர்ந்திருக்கும். இத்தகைய கணினிகளில் விசைப்பலகை மேல்மூடியோடு சேர்த்துப் பொருத்தப்பட்டிருப்பதால், அதை மாற்ற அடிமூடியைத் திறந்து மின்கலம், மின்பலகை (மதர்போர்டு) வரை கழற்ற வேண்டும் என்று மருமகன் விளக்கினான். இங்கே அடிமூடியையே யாரும் தொடவில்லை. எந்த உப்புக்காற்றைக் காட்டி என்னிடம் பணம் வாங்கினாரோ அதே உப்புக்காற்று அவருக்கு எதிராகச் சாட்சி சொல்லிக்கொண்டிருந்தது. அவர் செய்தது இரண்டு விசைகளை ஒருமுறை அழுத்தியதும், பஞ்சில் ஏதோ திரவத்தைத் தொட்டு மேலே துடைத்ததும் மட்டுமே.

திங்கள்கிழமை மாலை கணினியோடு கடைக்குப் போனேன். சண்டை போடவில்லை. கழற்றிய பழைய விசைப்பலகையை மட்டும் தரும்படி கேட்டேன். முதலில் அது பழைய சாமான்காரரிடம் போய்விட்டது என்றார். சுட்ட வடுவைக் காட்டியதும், அது பொருத்தும்போது ஏற்பட்டிருக்கும் என்றார். திருகாணிகளைக் காட்டியதும் உள்ளிருந்து உரிமையாளர் வந்தார். பையன் தெரியாமல் செய்துவிட்டான் என்று தொடங்கி, படித்தவர் நீங்கள் இதைப் பெரிதாக்கலாமா என்று முடித்தார். ரசீது தராததே 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி முறையற்ற வணிக நடைமுறை என்பதையும், 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்யப்போகிறேன் என்பதையும் சொன்ன பிறகு 2,500 ரூபாயைத் திருப்பித் தந்தார்கள். மீதி 1,300 ரூபாய் 'பார்த்த கூலி'யாம்.

இனி, உங்களுக்கு இதே நிலை வந்தால் செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். விசையின் மேல் சிறிய பூட்டுப் படமோ, மேலே எஃப்1, எஃப்2 என்று போகும் வரிசையில் அதற்கான குறியோ இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். எஃப்என்னோடு விண்டோஸ் விசையைச் சேர்த்து அழுத்திப் பாருங்கள். கணினி நிறுவனத்தின் சொந்தச் செயலி இருந்தால் அதில் விளையாட்டு முறை அல்லது விண்டோஸ் விசைப் பூட்டு என்ற அமைப்பைத் தேடுங்கள். ஒன்றுக்கு மேற்பட்ட விசைகள் விசித்திரமாக நடந்துகொண்டால் காரணம் வேறாக இருக்கலாம்: ஷிப்ட் விசையை ஐந்து முறை தொடர்ந்து தட்டினால் ஒட்டும் விசைகள் (Sticky Keys) என்ற வசதியும், வலப்பக்கத்து ஷிப்டை எட்டு வினாடி அழுத்திப் பிடித்தால் வடிகட்டி விசைகள் (Filter Keys) என்ற வசதியும் விண்டோஸில் எழுந்து வரும். வந்த அறிவிப்பைப் படிக்காமல் 'ஆம்' என்று அழுத்திவிட்டால், வடிகட்டி விசைகள் சட்டென்று தட்டும் தட்டுகளையெல்லாம் கணக்கில் எடுக்காது. விசைப்பலகையே செத்ததுபோலத் தோன்றும். அமைப்புகளில் அணுகல்தன்மைப் பகுதிக்குள் விசைப்பலகை என்ற இடத்தில் இரண்டையும் நிறுத்திவிடலாம்.

இவை எதிலும் சரியாகாமல் கடைக்குப் போக நேர்ந்தால், கணினியை விட்டுவிட்டு வராதீர்கள். கண்முன்னால் திறக்கச் சொல்லுங்கள். விட்டு வரத்தான் வேண்டுமென்றால் மேலும் கீழும் நெருக்கமாகப் படம் எடுத்து வையுங்கள், கழற்றும் பழைய உறுப்பு எனக்கு வேண்டும் என்று ஒப்படைக்கும்போதே சொல்லுங்கள், கடவுச்சொல்லைச் சீட்டில் எழுதிக் கொடுக்காதீர்கள். பழைய உறுப்பைக் கேட்ட உடனே சிலருடைய நோயறிதலே மாறிவிடும் என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது.

1915இல் என் புகாரைப் பதிவு செய்துவிட்டேன். கடை இறங்கி வராவிட்டால் நாகர்கோவிலில் உள்ள மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்துக்குப் போகலாம். நடந்து இரண்டு ஆண்டுகளுக்குள் கொடுக்க வேண்டும், 5 லட்சம் ரூபாய் வரையிலான வழக்குகளுக்குக் கட்டணம் இல்லை. ரசீது இல்லாவிட்டாலும் பணம் செலுத்திய பதிவும், "கீபோர்டு மாற்றம்" என்று அவர்கள் கையால் எழுதிய சீட்டும் என்னிடம் இருக்கின்றன. திருகாணிகளைத் துருவோடு படம் எடுத்து வைத்திருக்கிறேன். மகன் நிறுவனச் செயலியை மறுபடியும் நிறுவியிருக்கிறான். இப்போது பூட்டும்போதெல்லாம் திரையில் அறிவிப்பு வருகிறது. பழைய சாமான்காரரிடம் போய்விட்டதாகச் சொன்ன அந்த விசைப்பலகையில்தான் இந்தப் பதிவைத் தட்டச்சு செய்கிறேன்; கட்டைவிரல் அவ்வப்போது அந்தச் சுட்ட வடுவில் தட்டுப்படுகிறது.